கதவைத் திறந்தாள்

அச்சிட்டுக் கொடுத்திருந்த என் நாவல் படியின் 143ஆம் பக்க ஓரத்தில் பென்சிலால் இரண்டே சொற்கள் எழுதியிருந்தார் நண்பர்: “இது யார்?” அவர் அடிக்கோடிட்டிருந்த இடம் ஒன்றும் பிரமாதமானதில்லை. மழை இரவு. தந்தை விளக்குத் திரியைத் தூண்டிக்கொண்டிருக்கிறார். மகன் தரையில் படுத்துக் கூரையைப் பார்த்துக்கொண்டிருக்கிறான். வெளியிலிருந்து யாரோ தட்டுகிறார்கள். ‘எழுந்துபோய்க் கதவைத் திறந்தாள்.’ அந்த வீட்டில் அந்த இருவரைத் தவிர வேறு யாரும் கிடையாது. மூன்று மாதங்களுக்கு முன்புவரை இருந்தாள். மகனுக்கு ஓர் அக்கா. அவள் வரும் அத்தியாயங்கள் கதையை நகரவிடாமல் பிடித்து நிறுத்துகின்றன என்று நானே முடிவுசெய்து அவளை எடுத்துவிட்டேன். கணினியில் அவள் பெயரைத் தேடியபோது 412 இடங்கள் வந்தன. ஒரு வாரம் உட்கார்ந்து ஒவ்வோர் இடமாகப் போய் நீக்கினேன். கடைசியில் மறுபடி தேடிப் பார்த்தேன். ஒன்றுமில்லை என்றது கணினி. நிம்மதியாகத் தூங்கினேன். எழுவாயே இல்லாமல் வாக்கியம் நிற்கக்கூடிய மொழியில் எழுதிக்கொண்டிருக்கிறேன் என்பது அப்போது எனக்கு நினைவில்லை. பெயரைத் தேடி அழித்தேன். பெயர் சொல்லாமலே அவள் செய்துவிட்டுப் போன வேலைகளை யார் தேடுவது?

இதற்குச் சிரிப்பதா வெட்கப்படுவதா என்று இன்னும் தெரியவில்லை. ஏனென்றால் ஆறு ஆண்டுகளாக நான் எழுதிக்கொண்டிருக்கும் அந்த மிகுபுனைவு நாவலின் விஷயமே இதுதான். ஒரு நகரம். அதன் பொருள்களும் மனிதர்களும் நடந்து முடிந்த நிகழ்ச்சிகளும் சிறிது சிறிதாக அழிக்கப்படுகின்றன. அழிப்பவர்கள் எங்கே தவறு செய்வார்கள், எது மிஞ்சும், மிஞ்சியதை யார் பார்ப்பார்கள் என்று நூற்றுக்கணக்கான பக்கங்களுக்கு யோசித்தவன் நான். என் கையாலேயே ஒருத்தியை அழித்தபோது, என் கதையில் வரும் கற்றுக்குட்டி அதிகாரிகூடச் செய்யாத தவறைச் செய்திருக்கிறேன்.

பனிக்குப் பசி உண்டு, ருசி கிடையாது

முதல் வரைவில் அழிப்பவர்கள் யாரும் இல்லை. பனிமூட்டம்தான் இருந்தது. இத்தகைய கதைகளை வாசித்து வளர்ந்தவர்களுக்கு இதைச் சொல்லவே வேண்டாம். பனியோ இருளோ வெறுமையோ உலகத்தின் விளிம்பிலிருந்து உள்நோக்கி வரும், தொட்டதெல்லாம் இல்லாமல் போகும். எழுதும்போது மிக நன்றாக இருக்கும். ஒரு கோபுரம் பாதிவரை காணாமல்போவதை வருணிக்கும்போது கை தானாக ஓடும். இரண்டு ஆண்டுகள் அப்படி ஓடியது. பிறகு வாசித்துப் பார்த்தால் எல்லா அத்தியாயமும் ஒன்றுபோலவே இருந்தது. பனி மரத்தையும் தின்றது, மன்னனையும் தின்றது, நேற்று நடந்த சண்டையையும் தின்றது. எதைத் தின்றால் என்ன என்ற அக்கறை அதற்கில்லை. அக்கறை இல்லாத ஒன்றைப் பார்த்து நாமும் அக்கறைப்பட முடிவதில்லை. நண்பர் அப்போதே இதைவிடச் சுருக்கமாகச் சொன்னார்: “பனி வருகிறது, நகரம் போகிறது. சரி. இருந்தது என்று தெரிந்தால்தானே போனது தெரியும்? அங்கே யாருக்குத் தெரிகிறது?”

அந்தக் கேள்விதான் என்னை விடாமல் பிடித்துக்கொண்டது. முழுமையாக அழிந்தால் கதையே கிடையாது. இருந்த பொருள், அதைப் பற்றிய நினைவு, அதைச் சொன்ன சொல், அது நின்ற இடத்தின் வெறுமை, இத்தனையும் போய்விட்டால் அந்த உலகத்தில் இருப்பவர்களுக்கு எந்தக் குறையும் இல்லை. காலையில் எழுவார்கள், வேலைக்குப் போவார்கள். துயரம் வாசகருக்கு மட்டும்தான். அதுவும் முந்தைய பக்கம் அவர் கையில் இருப்பதால். இந்தச் சிக்கலுக்கு வழக்கமான தீர்வு ஒன்று உண்டு: எல்லாரும் மறந்த பிறகும் மறக்காத ஒருவன். பிறவியிலேயே அவனுக்கு அந்த வரம் இருக்கும், அல்லது அவன் குலத்துக்கு இருக்கும். நானும் அவனை வைத்துக்கொண்டு சில காலம் ஓட்டினேன். அந்த ஆள்மேல் எனக்கு நம்பிக்கை வரவே இல்லை. அவன் எந்த உழைப்பும் இல்லாமல் உண்மையை வைத்திருந்தான். மற்றவர்கள் எல்லாரும் அவனுக்கு முட்டாள்களாகத் தெரிந்தார்கள். அதைவிட முக்கியம், நினைவு என்பது அவ்வளவு நம்பகமான சாட்சி கிடையாது. போன வாரம் என்ன பேசினோம் என்பதிலேயே எனக்கும் நண்பருக்கும் இரண்டு கதைகள் இருக்கின்றன. ஆகவே பனியையும் எடுத்தேன், மறக்காதவனையும் எடுத்தேன். (அவனைக் காட்டும் ‘-ஆன்’ விகுதிகள் எங்கெங்கே கிடக்கின்றனவோ. ஆண் என்பதால் மற்றவர்களுடைய வினைகளோடு கலந்து தப்பித்திருப்பான்.)

இழையோட்டிகள்

துணி கிழிந்தால் இரண்டு விதமாகச் சரிசெய்யலாம். வேறு துணியை வைத்து ஒட்டுப் போடலாம்; அது தெரியும். அல்லது அதே நிற நூலால் குறுக்கும் நெடுக்குமாக இழையோட்டலாம். கை தேர்ந்தவர் இழையோட்டினால் கிழிந்த இடத்தை விரலால் தடவித்தான் கண்டுபிடிக்க முடியும். மூன்றாவது வரைவில் அழிப்பவர்களுக்கு ‘இழையோட்டிகள்’ என்று பெயர் வைத்தேன். பெயர் வைத்த அன்றே நாவல் மாறிவிட்டது. அவர்களுடைய வேலை அழிப்பதோடு முடிவதில்லை. அழித்த இடத்தின் இரு கரைகளையும் இழுத்துச் சேர்க்கவேண்டும். பயங்கரம் அங்கே இருந்தது. ஓட்டையைக் கண்டால் யாருக்கும் சந்தேகம் வரும். சேர்ந்துபோன கரையைக் கண்டு யார் என்ன கேட்பார்கள்?

என் நகரத்துக்கு ஏழு வாசல்கள் இருந்தன. ஒன்றை அழித்தார்கள். மறுநாள் முதல் எல்லாருக்கும் ஆறுதான். ஆனால் ஏழாம் வாசலுக்குப் போன தெரு இருக்கிறது. அது நேராகப் போய்ச் சுவரில் முட்டுகிறது. சுவரை ஒட்டிப் பன்னிரண்டு படிகள் மேலே ஏறி, ஒன்றுமில்லாத இடத்தில் முடிகின்றன. இந்தப் படிகளுக்கு மக்கள் என்ன காரணம் சொல்வார்கள் என்று யோசித்த அந்த மாலை, ஆறு ஆண்டுகளில் நான் மிகவும் மகிழ்ந்த மாலைகளில் ஒன்று. குழந்தைகள் ஏறி விளையாடக் கட்டியது என்பார் ஒருவர். சுவர் சாயாமல் இருக்க முட்டுக்கொடுத்தது என்பார் கொத்தனார். தியானம் செய்வதற்கு என்று ஒருவர் நூலே எழுதிவிடுவார். யாரும் பொய் சொல்லவில்லை. இழையோட்டிகள் படிகளைத் தொடவும் இல்லை. பாதி நூலை அவர்கள் ஓட்டினார்கள்; மீதியை மக்களே ஓட்டிக்கொண்டார்கள்.

இது கற்பனையில் மட்டும் நடப்பதில்லை. ரோமில், பழைய பொதுமன்றத்தில், செப்டிமியஸ் செவரஸ் பேரரசனின் வெற்றி வளைவு நிற்கிறது. 203ஆம் ஆண்டு எழுப்பியது. அதன் நெற்றியில் இருக்கும் பெரிய எழுத்துகளில் பேரரசனின் பெயரும் அவனுடைய இரண்டு மகன்களான காரகல்லா, கெட்டா ஆகியோரின் பெயர்களும் இருந்தன. 211இல் தந்தை இறந்தான். அந்த ஆண்டே அண்ணன் தம்பியைக் கொலைசெய்வித்தான். தம்பியின் பெயரையும் உருவத்தையும் பேரரசு முழுவதும் அழிக்கச் சொன்னான். வளைவில் நான்காம் வரியில் கெட்டாவின் பெயர் இருந்தது. அதைச் செதுக்கி எடுத்துவிட்டு வெறுமையாக விட்டிருக்கலாம். விடவில்லை. வரி நிரம்பவேண்டுமே. ‘மிகச் சிறந்த, மிக வலிமை வாய்ந்த தலைவர்கள்’ என்று பொருள்படும் லத்தீன் சொற்களால் நிரப்பினார்கள். கொலையுண்டவனின் இடத்தில் ஒரு புகழ்ச்சி. கீழே நின்று வாசிப்பவருக்கு எந்த உறுத்தலும் இராது. அரசர்களைப் புகழ்வது கல்வெட்டின் இயல்புதானே. ஆனால் அந்த எழுத்துகள் வெண்கலத்தால் ஆனவை. கல்லில் துளையிட்டுப் பொருத்தியவை. வெண்கலம் எப்போதோ போய்விட்டது. பழைய எழுத்துகளுக்காக இட்ட துளைகள் புதிய சொற்களோடு பொருந்தாமல் நிற்கின்றன. அந்தத் துளைகளை வைத்துத்தான் அறிஞர்கள் கெட்டாவின் பெயரை மீட்டு வாசித்தார்கள். எழுத்து போய், எழுத்தைத் தாங்கிய ஓட்டை சாட்சி சொன்னது.

இன்னும் மென்மையான இழையோட்டலும் உண்டு, யாருக்கும் தீங்கு நினைக்காதது. 1582 அக்டோபரிலேயே கிரெகோரியன் நாட்காட்டிக்கு மாறிய நாடுகளில் அக்டோபர் 4ஆம் தேதிக்கு மறுநாள் அக்டோபர் 15. நடுவில் பத்துத் தேதிகள் கிடையாது. இதில் என்னைக் கவர்ந்தது தேதி அல்ல, கிழமை. 4ஆம் தேதி வியாழன், 15ஆம் தேதி வெள்ளி. கிழமையை அவர்கள் தொடவில்லை. தேதி தெரியாமல் கிழமைகளை மட்டும் எண்ணி வாழ்ந்த ஒருவருக்கு அந்த வாரத்தில் எதுவும் நடக்கவில்லை. என் இழையோட்டிகளின் பயிற்சிக் கூடத்தில் இதை முதல் பாடமாக வைத்திருக்கிறேன், வேறு பெயர்களில்: அழிக்கும்போது எதை அழிக்கக்கூடாது என்று முதலில் முடிவுசெய்.

அழிப்பதைவிடத் தடைசெய்வது மட்டமான வழி என்பதும் அவர்களுடைய பாடத்தில் உண்டு. கி.மு. 356இல் எபேசஸ் நகரத்து ஆர்ட்டெமிஸ் கோயிலுக்கு ஒருவன் தீவைத்தான். தன் பெயர் நிலைக்கவேண்டும் என்பதற்காகவே வைத்ததாகச் சொன்னானாம். அவன் பெயரை யாரும் சொல்லக்கூடாது என்று தடை போட்டார்கள். தியோபாம்பஸ் என்ற வரலாற்றாசிரியர் எழுதிவைத்துவிட்டார். இன்றும் அந்தப் பெயர் அகராதிகளில் இருக்கிறது. நான் அதை இங்கே எழுதாமல் விடுவது அந்தத் தடைக்கு என்னாலான காலம் கடந்த உதவி. தமிழில் இந்தத் தர்மசங்கடம் இன்னும் வெளிப்படையாகத் தெரியும். ‘இல்லை’ என்பது வாக்கியத்தின் கடைசியில்தான் வரும். ‘ஏழாம் வாசல் இல்லை’ என்று அரசாணை போட்டால், இல்லை என்று சொல்வதற்குள் ஏழாம் வாசலைச் சொல்லியாகிவிட்டது.

தாடி வைத்த அரசன்

143ஆம் பக்கத்துக்குத் திரும்புகிறேன். அந்த இரண்டு சொற்களைப் பார்த்ததும் எனக்கு ஷாம்போலியோன் நினைவுக்கு வந்தார். எகிப்தியச் சித்திர எழுத்துகளை 1822இல் வாசித்துக் காட்டியவர். 1828இல் அவர் எகிப்துக்குப் போய், மறு ஆண்டு டேர் எல் பஹ்ரி கோயிலில் ஓர் அரசனின் உருவங்களுக்கு முன்னால் நின்றார். தாடி, மகுடம், அரச உடை, எல்லாம் முறைப்படி இருந்தன. ஆனால் அந்த அரசனைப் பற்றிய வாசகங்களில் பெயர்ச்சொற்களும் வினைச்சொற்களும் பெண்பாலில் இருந்தன. ஓர் அரசியைப் பற்றி எழுதியதுபோல இருக்கிறதே என்று வியந்து கடிதம் எழுதினார். அவர் பார்த்துக்கொண்டிருந்தது ஹட்ஷெப்சுட்டை. கி.மு. 15ஆம் நூற்றாண்டில் ஆணுக்குரிய எல்லா அரச அடையாளங்களோடும் ஆண்ட பெண். அவள் இறந்து ஏறத்தாழ இருபது ஆண்டுகள் கழித்து, அவளுக்குப் பின் தனியாக ஆண்ட மூன்றாம் துட்மோஸ் காலத்தில், அவள் பெயர்களையும் உருவங்களையும் செதுக்கி எடுத்தார்கள். பல இடங்களில் அவள் பெயர் இருந்த கட்டத்துக்குள் அவளுடைய தந்தையின் பெயரையோ கணவனின் பெயரையோ பொறித்தார்கள். சிலைகளை உடைத்தார்கள். அரசர்களின் பட்டியல்களில் அவளைச் சேர்க்கவில்லை.

உளியைப் பிடித்தவர்களை அடிக்கடி நினைத்துக்கொள்கிறேன். அவர்கள் கோபத்தோடு கொத்தவில்லை. சில சுவர்களில் அவளுடைய உருவத்தின் வெளிக்கோட்டை ஒட்டியே கவனமாகச் செதுக்கியிருக்கிறார்கள். ஆகவே அவள் இருந்த இடத்தில் அவள் வடிவத்திலேயே ஒரு சொரசொரப்பு நிற்கிறது. சம்பளத்துக்கு வேலை செய்தவர்கள். எது அவளோ அதை எடுக்கச் சொன்னார்கள், எடுத்தார்கள். பக்கத்தில் இருப்பது கடவுள், அதைத் தொடக்கூடாது. விகுதிகளைப் பற்றி யாரும் அவர்களுக்குச் சொல்லியிருக்கமாட்டார்கள். கர்னாக்கில் அவள் நிறுத்திய ஒற்றைக் கல்தூணின் கீழ்ப்பகுதியை மறைத்துச் சுவர் எழுப்பினார்கள். வெயிலும் மணலும் படாமல் அந்தப் பகுதியைப் பாதுகாத்ததும் அந்தச் சுவர்தான்.

இதில் நான் தங்கி நிற்கும் இடம் ஒன்று உண்டு. பெண்பால் விகுதிகளைக் கண்டதும் ஷாம்போலியோன் உண்மையைக் கண்டுபிடித்துவிடவில்லை. அவரும் இழையோட்டினார். ஓர் அரசி இருந்தாள், அவள் பெயரால் அவள் கணவன் ஆண்டான், இந்தத் தாடிக்காரன் அந்தக் கணவன் என்று ஒரு குடும்பத்தையே கட்டி எழுப்பினார். இல்லாத ஓர் ஆண் அரசன் கொஞ்ச காலம் புத்தகங்களில் வாழ்ந்தான். அவ்வளவு கூர்மையான கண், தன் முன்னால் இருக்கும் இலக்கணத்தை நம்பியிருந்தால் போதும். நம்புவதைவிடக் காரணம் கட்டுவது எளிதாக இருந்திருக்கிறது. படிகளைப் பார்த்துத் தியான நூல் எழுதியவரை நான் கேலியாகத்தான் படைத்தேன். இதை அறிந்த பிறகு அவருக்குக் கொஞ்சம் மரியாதை கூட்டித் திருத்தினேன்.

‘இயல்பிலேயே’ என்ற சொல்

திறந்தாள் என்பதைத் திறந்தான் என்று மாற்றினால் ஒரு நொடி வேலை. பேனாவை எடுத்துவிட்டேன். அப்போதுதான் அடுத்த பத்தி கண்ணில் பட்டது. மகனைப் பற்றி, அக்காவை எடுத்த பிறகு நான் புதிதாக எழுதிச் சேர்த்த வரி: ‘அவன் இயல்பிலேயே பேசாதவன்.’

பழைய வரைவில் அவன் பேசாததற்குக் காரணம் இருந்தது. எட்டு வயதில் அக்காவைப் பற்றி ஒரு வார்த்தை உளறிவிட்டான்; கேட்கக்கூடாத ஒருவர் கேட்டுவிட்டார்; அதன் விளைவுகளை அவள் தாங்கினாள். அதற்குப் பிறகு வாயைத் திறப்பதற்கு முன் இரண்டு முறை யோசிக்கிற பையன். அவளை எடுத்ததும் அந்தச் சம்பவமும் போயிற்று. ஆனால் அவன் பேசாமல் இருப்பது கதைக்கு வேண்டியிருந்தது. பின்னால் வரும் மூன்று திருப்பங்கள் அதில் தொங்குகின்றன. காரணம் போய்விட்டது, விளைவு நிற்கிறது. சுவரில் முட்டி நிற்கும் பன்னிரண்டு படிகள். நான் என்ன செய்தேன்? ‘இயல்பிலேயே’ என்று ஒரு சொல்லைப் போட்டு இரு கரைகளையும் சேர்த்துவிட்டேன். எழுதும்போது ஒரு கணம்கூடத் தயங்கவில்லை. நல்ல வரி என்றுகூட நினைத்தேன்.

அன்று இரவு முழுக்க அந்தப் படியைப் புரட்டினேன். தந்தை ‘எப்போதுமே’ இரவில் விளக்கை அணைக்காதவர். முன்பு மகளுக்காக அணைக்காமல் வைத்திருந்தார். வீட்டின் பின்னறை ‘நெடுங்காலமாகவே’ பூட்டியிருந்தது. அண்டை வீட்டுக்காரி ‘காரணமில்லாமல்’ அந்தக் குடும்பத்தை வெறுத்தாள். என்ன காரணமில்லாமல்? காரணத்தை நான்தானே எடுத்தேன். ஒவ்வொன்றாகப் பென்சிலால் வட்டம் போட்டுக்கொண்டே போனேன். வட்டங்கள் முப்பதைத் தாண்டியபோது எண்ணுவதை நிறுத்தினேன். எனக்கு நான் சொல்லிக்கொண்ட நியாயம், அவள் கதையை நகரவிடவில்லை என்பது. என் தலைமை இழையோட்டி ஏழாம் வாசலை அழிக்கும் முன் சபையில் எழுந்து என்ன சொல்கிறான் என்று எடுத்துப் பார்த்தேன். ‘போக்குவரத்து தடைப்படுகிறது’ என்கிறான்.

இதற்குப் பிறகு ‘எப்போதுமே’, ‘இயல்பிலேயே’, ‘தொன்றுதொட்டு’ ஆகிய சொற்களை நாவலின் கதைசொல்லிக்குத் தடைசெய்துவிட்டேன். தடை மட்டமான வழி என்று சற்று முன்புதான் சொன்னேன், தெரியும். ஆனாலும் செய்தேன். இப்போது அந்தச் சொற்கள் இழையோட்டிகளின் வாயில் மட்டும் வருகின்றன. வாசிப்பவர் கவனிக்காவிட்டாலும் பரவாயில்லை.

விகுதிகளின் நாடு

நாலாவது வரைவில் என் இழையோட்டிகள் இலக்கணம் கற்றுக்கொண்டார்கள். நான் செய்த தவறை இனி அவர்கள் செய்யமாட்டார்கள். புத்தகங்களை எரிப்பதில்லை, எரித்தால் சாம்பல் இருக்கும், யாராவது எதன் சாம்பல் என்று கேட்பார்கள். அதோடு, ஒரு நூலை அழித்தாலும் மற்ற நூல்களுக்குள் அது துண்டு துண்டாக ஒளிந்திருக்கும். வளையாபதி முழு நூலாக நமக்குக் கிடைக்கவில்லை. புறத்திரட்டு போன்ற தொகுப்புகளும் உரையாசிரியர்களின் மேற்கோள்களும் காப்பாற்றித் தந்த ஏறத்தாழ எழுபது செய்யுள்கள்தான் இருக்கின்றன. ஆனாலும் ஐம்பெருங்காப்பியம் என்று எண்ணுவதை நாம் விடவில்லை. எண்ணிக்கை ஓர் ஆளுக்கு இடம் போட்டுவைத்துக் காத்திருக்கிறது. ஆகவே என் அதிகாரிகள் முதலில் எண்களைத் திருத்துவார்கள், பிறகு வினைமுற்றுகளுக்கு வருவார்கள்.

திறந்தாள் என்பதை அவர்கள் திறந்தான் என்று மாற்றமாட்டார்கள். அது பொய், பொய்யைப் பிடித்துவிடலாம். ‘கதவைத் திறந்ததும்’ என்று மாற்றுவார்கள். எச்சத்துக்கு ஆண் பெண் கிடையாது. யார் திறந்தது என்ற கேள்வியே எழாமல் வாக்கியம் அடுத்த வேலைக்குப் போய்விடும். எச்சம் என்றால் மிச்சம் என்று பொருள். இலக்கணக்காரர்கள் வைத்த அந்தப் பெயரை என் நகரத்தில் நேர்ப்பொருளிலேயே வழங்குகிறார்கள். அதைவிடவும் நுட்பமான வழியைத் தலைமை இழையோட்டி கண்டுபிடிக்கிறான்: எல்லாரையும் மரியாதையாகப் பேசச் சொல்லி ஆணை. திறந்தார், வந்தார், போனார். குழந்தையும் வந்தார், கிழவியும் வந்தார். மக்களுக்கு ஒரே மகிழ்ச்சி. இத்தனை காலம் அதட்டிய அரசு இப்போது எவ்வளவு பணிவாகப் பேசுகிறது! மிகச் சிறந்த, மிக வலிமை வாய்ந்த தலைவர்கள் என்று கெட்டாவின் இடத்தை நிரப்பியவர்களுக்கும் இந்த வித்தை தெரிந்திருக்கவேண்டும்.

இந்த வித்தை எவ்வளவு எளிது என்று சோதித்துப் பார்க்க எனக்கு ஆசை. இந்தக் கட்டுரையின் முதல் வரியிலிருந்து ஒரு நண்பரைப் பற்றிச் சொல்லிவருகிறேன். எழுதியிருந்தார், சொன்னார் என்று மட்டும். அவர் ஆணா பெண்ணா என்று எங்கும் சொல்லவில்லை. வாசித்தவர்கள் மனத்தில் இதற்குள் ஒரு முகம் வந்திருக்கும். எந்த முகம் என்பது எனக்குத் தெரியாது. அதை நீங்களே இழையோட்டிக்கொண்டீர்கள்.

நாம், நாங்கள் விஷயத்தில் மட்டும் இழையோட்டிகள் திணறுகிறார்கள். கேட்பவரையும் சேர்த்துக்கொண்டால் நாம்; விலக்கினால் நாங்கள். வினையின் விகுதியில் இந்த வேறுபாடு தெரியாது: நாமும் வந்தோம், நாங்களும் வந்தோம். பெயரில்தான் எல்லாம். அக்காவின் நிலைமைக்கு நேரெதிர். அவள் பெயரில் இல்லாமல் வினையில் இருந்தாள். ஒரு வீட்டில் மூன்று பேர் மேசையைச் சுற்றி உட்கார்ந்து ‘நாம்’ என்று பேசிக்கொண்டிருந்தார்கள். ஒருத்தியை அழித்த பிறகு மீதி இருவரும் ‘நாம்’ என்றே பேசலாம். இலக்கணத்தில் எந்தக் குறையும் இல்லை. ஆனால் தந்தை ஒரு நாள் வெற்று நாற்காலியைப் பார்த்துக்கொண்டே மகனிடம் ‘நாங்கள் இனி வெளியே போவதில்லை’ என்கிறார். மகன் எதிரிலேயே இருக்கிறான். அப்படியானால் அவர் யாரிடம் பேசுகிறார்? அந்த ஒரு சொல்லுக்காக அந்த அத்தியாயத்தை மறுபடி எழுதினேன். நாற்காலியைப் பற்றிய வருணனையைக்கூட வெட்டிவிட்டேன், தேவைப்படவில்லை.

அக்காவைத் திரும்பக் கொண்டுவரலாமா என்று பல நாள் யோசித்தேன். பழைய படி பத்திரமாகத்தான் இருக்கிறது; 412 இடங்களிலும் பெயரைத் திருப்பிப் போட்டுவிடலாம். நண்பர் போடச் சொல்கிறார். எனக்கு மனம் வரவில்லை. அவளை எடுத்த பிறகுதான் அவள் இருந்த அளவு எனக்கே தெரிந்தது. திருப்பிப் போட்டால் மறுபடியும் கதையை நகரவிடாத பெண்ணாகிவிடுவாள் என்று பயம். ஆகவே பெயரைத் திருப்பித் தரவில்லை. காரணங்களையும் தரவில்லை. ‘இயல்பிலேயே’ போன்ற பூச்சுகளை மட்டும் சுரண்டி எடுத்துவிட்டேன். இப்போது அந்தப் பையன் பேசாமல் இருக்கிறான், ஏன் என்று கதை சொல்வதில்லை. தந்தை விளக்கை அணைப்பதில்லை. அண்டை வீட்டுக்காரி வெறுக்கிறாள்.

அவளுக்குரிய விகுதிகளைப் பெயரை வைத்துத் தேடமுடியாது என்பதால் வரிவரியாக வாசித்துத் தேடினேன். பன்னிரண்டு இருந்தன. பத்தை நீக்கிவிட்டேன், இழையோட்டிகள் செய்வதுபோலவே, எச்சமாக மாற்றி. இரண்டை விட்டிருக்கிறேன். ஒன்று 143ஆம் பக்கத்துக் கதவு. நண்பரின் பென்சில் கேள்விக்குக் கீழே ‘இருக்கட்டும்’ என்று எழுதித் திருப்பிக் கொடுத்தேன். இன்னொன்று எங்கே இருக்கிறது என்று அவரிடம் சொல்லவில்லை. புதிய படியை அவர் இரண்டு முறை வாசித்துவிட்டார். இன்னும் ஒன்றும் கேட்கவில்லை.